ஓர்காக்களைத் தொட்டியில் அடைத்து வைத்துக் காட்சி நடத்துவது சரியா? சட்டம் அதை அனுமதிக்கிறதா?

கேள்வியைப் பார்த்ததுமே நினைத்தேன். மகனோ மகளோ அமெரிக்காவில் இருப்பார்கள், விசா கைக்கு வந்திருக்கும், அந்தக் கறுப்பு வெள்ளைத் திமிங்கிலத்தைப் பார்த்தே ஆகவேண்டும் என்று பேரப்பிள்ளை அடம் பிடித்திருக்கும். டிக்கெட் விலையைப் பார்த்த பிறகு, 'இதெல்லாம் பாவமில்லையா' என்று யோசனை வந்திருக்கும். எனக்கும் அதே வரிசையில்தான் வந்தது. உங்கள் நிலைமை வேறு என்றால் மன்னித்துக்கொள்ளுங்கள்.

சட்டத்தை முதலில் முடித்துவிடுகிறேன். நம் நாட்டில் நடத்த முடியாது. டால்பின் வகைகளை வைத்துக் காட்சி நடத்த எந்த மாநிலமும் அனுமதி தரக் கூடாது என்று 2013 மே மாதம் மத்திய அரசு தரப்பில் சுற்றறிக்கை போய்விட்டது. ஓர்காவைத் திமிங்கிலம் என்று சொன்னாலும் அது டால்பின் குடும்பம்தான், அதில் ஆகப் பெரியது. டால்பின்களை 'மனிதரல்லாத நபர்கள்' என்று கருத வேண்டும் என விஞ்ஞானிகள் சொல்வதையும் அந்தச் சுற்றறிக்கையில் எடுத்துக் காட்டியிருந்தார்கள். கனடா 2019இல் தடைச் சட்டம் கொண்டுவந்தது, பிரான்ஸ் 2021இல். அமெரிக்காவில் காட்டுவது இன்றும் சட்டப்படி செல்லும். 1972இல் வந்த கடல் பாலூட்டிகள் பாதுகாப்புச் சட்டப்படி கடலில் பிடிக்கத்தான் தனி அனுமதி வேண்டும். ஆனால் கலிஃபோர்னியா மாநிலம் 2016இல் சட்டம் போட்டு ஓர்காவை இனப்பெருக்கம் செய்யவும், வித்தை காட்ட வைக்கவும் தடை விதித்தது. அதே வருஷம் மார்ச்சில், இனிமேல் குட்டி போட விடமாட்டோம், இருப்பவைதான் எங்களிடம் கடைசித் தலைமுறை என்று அங்கே ஓர்கா காட்சி நடத்தும் கடல் பூங்கா நிறுவனமான சீவேர்ல்டே அறிவித்தது. சீனாவிலும் ஜப்பானிலும் இன்னும் காட்சி நடக்கிறது. சட்டம் இவ்வளவுதான்.

சரியா என்ற கேள்விக்கு வருகிறேன். நான் விலங்கு ஆர்வலர் இல்லை. பொள்ளாச்சியில் இருந்து ஆனைமலை போகிற வழியில் தென்னந்தோப்பும் கொஞ்சம் மக்காச்சோளமும் வைத்திருக்கும் குடும்பம். ஞாயிற்றுக்கிழமை வீட்டில் கோழிக்குழம்பு உண்டு. 'நீ மட்டும் யோக்கியமா' என்று கேட்கிறவர்களுக்கு முதலிலேயே சொல்லி வைக்கிறேன். இந்த விஷயத்தில் எனக்குத் தெரிந்ததெல்லாம், நான் ஒரு கிளி வளர்த்த வீட்டுக்கு மருமகள் என்பதுதான்.

காய்ந்துபோன தென்னை ஒன்றை வெட்டும்போது பொந்தில் மூன்று கிளிக்குஞ்சுகள் இருந்தன. இரண்டு செத்துப்போயின. மூன்றாவதை என் மாமியார் எடுத்து, பொட்டுக்கடலை மாவைக் கரைத்து விரல் நுனியில் வைத்து ஊட்டி வளர்த்தார். பெயரெல்லாம் வைக்கவில்லை. எங்கள் பக்கம் எல்லோரும் 'கண்ணு' தானே, அதுவும் 'கண்ணு'. கூண்டு திண்ணையில் தொங்கும். காலையில் மிளகாய்ப்பழம், பொழுதோட கொய்யாத் துண்டு. இரண்டு மூன்று மாதத்துக்கு ஒருமுறை பக்கத்துத் தோட்டத்து அண்ணன் வந்து கத்தரிக்கோலால் இறகு நுனியை வெட்டிவிட்டுக் காப்பி குடித்துவிட்டுப் போவார். அதை வலிக்கிற காரியம் என்று யாரும் நினைத்ததில்லை. நகம் வெட்டுகிற மாதிரிதான்.

அது பேசியது ஒரே ஒரு வார்த்தை. என் மாமியார் மாமனாரைக் கூப்பிடும் 'ஏனுங்க'. அந்த இழுப்பு, கடைசியில் கொஞ்சம் சலிப்பு, எல்லாம் அப்படியே அத்தையின் குரல். மாமா தொழுவத்தில் பால் கறந்துகொண்டிருப்பார், இது திண்ணையில் இருந்து 'ஏனுங்க' என்று போடும், அவர் 'வாறேன்' என்று சொம்போடு எழுந்து வருவார். வந்து பார்த்தால் கிளி. ஒரு நாளைக்கு நாலு தடவையாவது ஏமாறுவார். ஏமாறுகிற மாதிரி நடித்தாரோ என்று இப்போது தோன்றுகிறது.

ஒரு நாள் கூண்டுக் கதவு திறந்தே கிடந்தது. கிளி இறங்கி, திண்ணை ஓரமாகவே நடந்து தொழுவம் வரைக்கும் போனது. கன்றுக்குட்டியைப் பார்த்தது. திரும்பி நடந்து வந்து, அலகால் கம்பியைப் பிடித்து ஏறி, கூண்டுக்குள் போய் உட்கார்ந்துகொண்டது. அத்தைக்குப் பெருமை தாங்கவில்லை. 'பாத்தியா அம்மிணி, திறந்து உட்டாலும் எங்கிட்டத்தான் இருக்கோணும்னு வருது' என்று தோட்டத்துக்கு வந்த ஆட்களிடம் எல்லாம் ஒரு மாதம் சொன்னார். நானும் அதை அப்படியே நம்பினேன். இறகு வெட்டிய கிளி வேறு எங்கே போகும் என்று எனக்கும் தோன்றவில்லை.

மாமா 2011இல் தவறினார். துக்கத்துக்கு வந்த சொந்தக்காரர்கள் வாசலில் உட்கார்ந்திருக்கும்போது அது 'ஏனுங்க' என்றது. கூண்டின் மேல் துண்டைப் போட்டு மூடினோம். பதினாறு நாள் மூடியே வைத்திருந்தோம். அப்புறம் துண்டை எடுத்தால் திரும்பவும் அதே. அத்தை அதனிடம், 'அவுரு தோட்டத்துக்குப் போயிருக்காரு கண்ணு' என்று பதில் சொல்ல ஆரம்பித்தார். அதற்குப் பிறகு வருஷக்கணக்கில் எங்கள் வீட்டுத் திண்ணையில் அந்தப் பேச்சு தினமும் நடந்தது.

இந்த நிலைமையில்தான் 2015இல் மகள் வீட்டுக்கு அமெரிக்கா போனேன். ஒரு பெரிய கடல் பூங்கா. பெயர் வேண்டாம். முன் வரிசையில் உட்கார்ந்தால் நனைவீர்கள் என்று எழுதியே வைத்திருந்தார்கள். பேரன் அங்கேதான் உட்காருவேன் என்றான். பருத்திப் புடவையும் மேலே மகளின் ஸ்வெட்டருமாக நானும் உட்கார்ந்தேன். அந்த உருவம் நீரில் இருந்து எழும்பி விழுந்ததில் தலையில் இருந்து கால் வரை உப்புத் தண்ணீர். பேரன் 'அம்மிச்சி நனைஞ்சிட்டா' என்று குதித்தான். நானும் கை தட்டினேன், மறைக்கவில்லை. நன்றாகத்தான் இருந்தது. ஒவ்வொரு வித்தைக்கும் ஒரு விசில், ஒரு கை மீன். ஒன்றே ஒன்று கண்ணில் பட்டது. முதுகில் நிமிர்ந்து நிற்க வேண்டிய துடுப்பு வாடிய வாழை இலை மாதிரி ஒரு பக்கமாக மடிந்து கிடந்தது. மகளிடம் கேட்டேன். 'வயசாயிருக்கும்மா' என்றாள். சரி என்று விட்டுவிட்டேன்.

2017இல் எங்களுக்கும் ஒருவருக்கும் வரப்புத் தகராறு. நம் ஊரில் வரப்புத் தகராறு வரப்போடு நிற்குமா? யாரோ போன் செய்து, இந்த வீட்டில் கிளி வளர்க்கிறார்கள் என்று சொல்லிவிட்டார்கள். பச்சைக்கிளியை வீட்டில் வளர்ப்பது 1972ஆம் வருஷத்து வனவிலங்குச் சட்டப்படி குற்றம் என்பது அன்றைக்குத்தான் எங்களுக்குத் தெரியும். வந்த வனத்துறைக்காரர்கள் மரியாதையாகத்தான் பேசினார்கள். வயசான அம்மா என்று கேஸ் போடவில்லை. கூண்டோடு எடுத்துப் போனார்கள். ஜீப்பு கிளம்பும்போது அது 'ஏனுங்க' என்றது. ஜீப்பு ஓட்டுகிற பையன் திரும்பிப் பார்த்தான்.

அத்தை ஒரு வாரம் சரியாகச் சாப்பிடவில்லை. விசாரித்துக்கொண்டு நான் போய்ப் பார்த்தேன். ஒரு பெரிய கம்பிவலைக் கூண்டு, உள்ளே இருபது கிளி இருக்கும். எல்லாம் எங்களை மாதிரி வீடுகளில் பிடித்தது. அங்கே நின்ற பத்து நிமிஷம் எனக்கு மறக்காது. ஒன்று குக்கர் விசில் அடித்தது. ஒன்று 'பாலு' என்று பால்காரர் குரலில் கத்தியது. ஒன்று ஒரு குழந்தையின் பெயரைச் சொல்லித் திட்டியது. ஒவ்வொன்றும் தன் வீட்டைப் பேசிக்கொண்டிருந்தது, ஒன்று பேசுவது இன்னொன்றுக்குப் புரியாது. எங்களுடையது எது என்று எனக்கு அடையாளம் தெரியவில்லை. ஒன்றுகூட 'ஏனுங்க' சொல்லவில்லை. பராமரிக்கிற பையனிடம், இதையெல்லாம் எப்போது விடுவீர்கள் என்று கேட்டேன். 'பறந்தா உட்டுருவோமுங்க. சிலதுக்கு றெக்கை மொளைச்சாலும் பறக்கோணும்னே தோண மாட்டேங்குது' என்றான்.

அதன் பிறகுதான் அந்த மடிந்த துடுப்பு நினைவுக்கு வந்து, ஓர்காவைப் பற்றித் தேடித் தேடிப் படித்தேன். காட்சிக்கு வைத்திருக்கும் வளர்ந்த ஆண் ஓர்காக்கள் கிட்டத்தட்ட எல்லாவற்றுக்கும் துடுப்பு மடிந்துவிடுமாம், கடலில் அது அபூர்வம். வயசுக்கும் அதற்கும் சம்பந்தமில்லை. கூட்டத்துக்குக் கூட்டம் அவற்றின் பேச்சு வேறு. குட்டி அதைத் தாயிடமும் கூட்டத்திடமும் கேட்டுப் படிக்கிறது. வடமேற்குப் பசிபிக் கரையோரக் கூட்டங்களில் மகன் எவ்வளவு பெரிதாக வளர்ந்தாலும் ஆயுள் முழுக்க ஆத்தாளை விட்டுப் பிரியமாட்டான். பெண் ஓர்காவுக்கு நம்மைப் போலவே ஒரு குறிப்பிட்ட வயதுக்கு மேல் குட்டி போடுவது நின்றுவிடும். அதன் பிறகும் பல வருஷம் வாழ்ந்து, மீன் குறைந்த காலத்தில் கூட்டத்தை முன்னால் நடத்திப் போவது அந்தப் பாட்டிகள்தான். இதைப் படித்தபோது எனக்கு என் அத்தை ஞாபகம் வந்ததில் தப்பு ஒன்றும் இல்லையே?

இப்படிப்பட்ட கூட்டங்களில் இருந்து பிடித்ததை, ஐஸ்லாந்துக் கடலில் ஒன்று, அமெரிக்கக் கரையில் ஒன்று என்று கொண்டுவந்து ஒரே தொட்டியில் போட்டிருக்கிறார்கள். கம்பிவலைக் கூண்டும் அந்த இருபது கிளியும்தான். டிலிக்கம் என்ற ஆண் ஓர்காவை 1983இல் ஐஸ்லாந்துக் கடலில் பிடித்தார்கள், அப்போது அதற்கு இரண்டு வயதுதான் இருக்கும். கனடாவிலும் பிறகு ஃபுளோரிடாவிலும் தொட்டியிலேயே வாழ்ந்து 2017 ஜனவரியில் செத்தது. 1991, 1999, 2010 என்று மூன்று மனிதச் சாவுகளில் அதற்குச் சம்பந்தம் உண்டு, இரண்டு பேர் பயிற்சி கொடுத்த பெண்கள். கடலில் ஓர்கா ஒரு மனிதரைக் கொன்றதாக ஒரு பதிவும் கிடையாது. 'கொலைத் திமிங்கிலம்' என்று பெயர் மட்டும் வைத்துவிட்டார்கள் பாருங்கள்.

இன்னொன்று டோக்கிடே. வாஷிங்டன் மாநிலக் கடலில் 1970 ஆகஸ்டில் வலை போட்டு, குட்டிகளைத் தாய்களிடம் இருந்து பிரித்துப் பிடித்ததில் ஒன்று. மயாமியில் லோலிட்டா என்று பெயர் வைத்து ஆடவிட்டார்கள். அது இருந்த தொட்டி 80 அடி நீளம், 35 அடி அகலம், ஆழமான இடத்தில் 20 அடி. அதன் உடம்பே கிட்டத்தட்ட 20 அடி. எங்கள் தோட்டத்துக் கிணறு 50க்கு 40, ஆழம் 90 அடி. விவசாயி வீட்டுப் பிள்ளைகள் கணக்குப் போட்டுக்கொள்ளுங்கள்: நட்டக்குத்தலாக ஒருமுறை முங்கினால் எங்கள் கிணற்றில் அது கொஞ்சம் கீழே போய் வரலாம், அந்தத் தொட்டியில் வால் தரையில் முட்டும். அதில் ஐம்பது வருஷத்துக்கு மேல். சொந்தக் கடலுக்கே கொண்டுபோய் விடப்போகிறோம் என்று 2023 மார்ச்சில் அறிவித்தார்கள், ஆகஸ்டில் அது செத்தது. அதன் தாய் என்று கருதப்படும் கிழட்டு ஓர்கா அப்போதும் அந்தக் கடலில் உயிரோடு நீந்திக்கொண்டிருந்தது.

இப்போது சண்டைக்கு வருகிறவர்களுக்கு. 'தொட்டியில் வைத்ததால்தானே மனிதனுக்கு ஓர்கா மேல் பாசம் வந்தது?' ஒப்புக்கொள்கிறேன், அது உண்மை. 1964இல் கனடாவின் வான்கூவரில் ஒரு சிற்பத்துக்கு மாதிரி வேண்டும் என்று ஓர்காவைக் கொல்லத்தான் ஈட்டி எறியப் போனார்கள். அது சாகாததால் இழுத்து வந்து வைத்திருந்தார்கள், மூன்று மாதம்கூடத் தாங்கவில்லை. அதைப் பார்க்கக் கூட்டம் வந்தது, பயம் போனது. சரி, பயம் போயாச்சு அல்லவா, அப்புறமும் எதற்கு?

'மாடு கட்டுகிறீர்களே, ரேக்ளா ஓட்டுகிறீர்களே, அது மட்டும்?' இதை எதிர்பார்த்தேன். காங்கேயம் மாடு மனிதனோடு பழகி எத்தனை தலைமுறை ஆயிற்று என்று சொல்ல முடியாது. அதற்குக் காட்டில் ஒரு வீடு கிடையாது, தொழுவம்தான் வீடு. ஓர்காவைத் தொட்டியில் வைக்க ஆரம்பித்ததே 1960களில்தான். எங்கள் கிளிக்கும் ஒரு பொந்து இருந்தது, அதை வெட்டியது நாங்கள்.

'அங்கே நன்றாகத்தான் பார்த்துக்கொள்கிறார்கள், பயிற்சியாளர்களுக்கு அதன் மேல் உயிர்.' இதைத்தான் நான் மறுக்கவே மாட்டேன். என் அத்தையைவிட அந்தக் கிளியை யாரும் நன்றாகப் பார்த்திருக்க முடியாது. தான் சாப்பிடும் முன் அதற்கு வைப்பார். அப்படிப் பார்த்துக்கொண்டதால்தான், நாங்கள் செய்தது என்ன என்று யாருக்குமே தெரியாமல் போனது. கூண்டுக்காரன் கொடுமைக்காரனாக இருந்திருந்தால் முதல் வருஷமே தெரிந்திருக்கும்.

'அப்படியானால் எல்லாவற்றையும் கடலில் விட்டுவிட வேண்டியதுதானே?' அதுவும் ஆகாது. ஹாலிவுட் படத்தில் நடித்துப் பெயர் வாங்கிய கெய்க்கோ என்ற ஓர்காவை 1998இல் ஐஸ்லாந்துக்குக் கொண்டுபோய்ப் பழக்கிக் கடலில் விட்டார்கள். அது 2002இல் நீந்திக்கொண்டே நார்வே போனது. போய் என்ன செய்தது தெரியுமா? மனிதர்களைத் தேடியது. பிள்ளைகள் அதன் பக்கத்தில் நீந்தி விளையாடினார்கள். 2003 டிசம்பரில் செத்தது. எங்கள் கிளி திண்ணையில் இருந்து இறங்கி, தொழுவம் வரை நடந்துவிட்டுக் கூண்டுக்குத் திரும்பியது எனக்கு நினைவுக்கு வந்தது. பிரான்ஸில் விக்கி என்று ஒரு பெண் ஓர்கா, 'ஹலோ', 'பை பை' மாதிரி மனித வார்த்தைகளைத் திருப்பிச் சொல்லக் கற்றுக்கொண்டதாக 2018இல் ஆய்வாளர்கள் எழுதினார்கள். உலகமே ஆச்சரியப்பட்டது. எனக்கு வயிற்றைப் பிசைந்தது. அந்த நாட்டுச் சட்டத்தால் காட்சி நடத்த வழியில்லாமல் பூங்காவை 2025 ஜனவரியில் மூடினார்கள். மூடிய பிறகும் விக்கியும் அதன் மகனும் மாதக்கணக்கில் அதே தொட்டியிலேயே. ஜப்பானுக்கா, ஸ்பெயினுக்கா, கடலோரத்தில் அடைப்புக் கட்டியா என்று இழுபறி. அதனால்தான் 'இனிமேல் குட்டி வேண்டாம், இருப்பதைச் சாகும்வரை ஒழுங்காகப் பார்த்துக்கொள்ளுங்கள்' என்ற கலிஃபோர்னியா வழிதான் இருப்பதில் யோக்கியமானது என்று நினைக்கிறேன். அழகான தீர்வு என்று சொல்லவில்லை.

சட்டம் என்றதும் ஒன்று சொல்லியே ஆகவேண்டும், கேள்விக்குச் சம்பந்தமில்லைதான், பொறுத்துக்கொள்ளுங்கள். எந்தச் சட்டத்தைக் காட்டி ஒரு கிழவியின் கிளியை எடுத்துப் போனார்களோ அதே சட்டத்தில்தான் மயிலும் இருக்கிறது. மக்காச்சோளம் ஊன்றி முளை விடுவதற்குள் ஒரு சால் விடாமல் கிளறித் தின்கிறது. தக்காளியைக் கொத்திப் போடுகிறது. ராத்திரி ஆனால் காட்டுப்பன்றி வேறு, தென்னங்கன்றைக் குருத்தோடு தோண்டிவிடும். மூன்று முறை விவசாயிகள் குறைதீர் கூட்டத்தில் மனு கொடுத்தேன். எந்த ஆபீஸ் என்று சொல்ல விரும்பவில்லை, 'சத்தம் போட்டு விரட்டுங்கம்மா, காயம் மட்டும் படக்கூடாது' என்று பதில். பழனி மலை பக்கத்தில் இருந்துகொண்டு முருகன் வாகனத்தைத் திட்டுகிறாயே என்று வீட்டிலேயே எனக்கு ஏச்சு. மயிலைக் கொல்லச் சொல்லவில்லை. ஒரு கிளிக்கு ஜீப்பு அனுப்ப முடிகிறவர்களால், எண்பது மயிலுக்கு ஒரு ஆளை அனுப்பிப் பயிரைப் பார்க்கச் சொல்ல முடியாதா என்றுதான் கேட்கிறேன். சரி, விடுங்கள்.

அத்தை 2020இல் போய்ச் சேர்ந்தார். கடைசி வரை நாங்கள் கிளிக்குச் செய்ததைத் தப்பு என்று அவர் ஒப்புக்கொள்ளவில்லை. நானும் வற்புறுத்தவில்லை.

இனி உங்கள் விஷயம். டிக்கெட் வாங்கிவிட்டீர்கள் என்றால் போய்ப் பாருங்கள், நான் யார் தடுக்க. ஆண் ஓர்காவின் முதுகுத் துடுப்பைப் பேரனுக்குக் காட்டி, அது ஏன் மடிந்திருக்கிறது என்பதையும் சொல்லுங்கள். வாங்கவில்லை என்றால் அந்தக் காசில் இன்னொன்று செய்யலாம். வாஷிங்டன் மாநிலத்தில் சான் வான் தீவில் லைம் கில்ன் என்ற பூங்கா இருக்கிறது. கோடைக் காலத்தில் கரைப் பாறையில் உட்கார்ந்தபடியே கடலில் போகும் ஓர்காக்களைப் பார்க்க வாய்ப்பு உண்டு. வந்தால் வரும், வராவிட்டால் இல்லை. கலிஃபோர்னியா என்றால் டிசம்பரில் இருந்து ஏப்ரல் வரை சாம்பல் திமிங்கிலங்கள் கரையோரமாக மெக்சிகோ பக்கம் போய்த் திரும்பும், படகில் கூட்டிப்போவார்கள். இரண்டாவது முறை போனபோது நாங்கள் அப்படித்தான் போனோம். மூன்று மணி நேரத்தில் ஒரு நீர்ப்பீச்சு, ஒரு சாம்பல் நிற முதுகு, அவ்வளவுதான் கண்ணில் பட்டது. பேரன் முகத்தைத் தூக்கி வைத்துக்கொண்டான். நான் கம்பியைப் பிடித்துக்கொண்டு இரண்டு முறை வாந்தி எடுத்தேன். முகர்ந்து பார்க்க ஓர் எலுமிச்சம்பழம் கையில் வைத்துக்கொள்ளுங்கள். படகில் விற்கமாட்டார்கள்.